பொலோன்யாவா, லியோனா, சான் செபாஸ்டியனா? சனிக்கிழமை சைவம் சாப்பிடும் அம்மாவோடு ஒரு வார இறுதி

அக்டோபரில் பிள்ளைகளுக்குப் பள்ளி விடுமுறை. அம்மா ஊரிலிருந்து மூன்று மாத விசாவில் வந்திருக்கிறார். இந்தத் தடவை கோட்டை, தேவாலயம், அருங்காட்சியகம் என்று கால் கடுக்க அலையாமல், சாப்பிடுவதற்காகவே ஒரு ஊருக்குப் போய் வரலாம் என்று வீட்டில் ஒருமனதாக முடிவாகிவிட்டது. எந்த ஊர் என்பதில்தான் இரண்டு வாரமாக இழுபறி. நாங்கள் இருப்பது ஃபிராங்க்ஃபர்ட்டில். வெள்ளிக்கிழமை சாயங்காலம் கிளம்பி ஞாயிறு ராத்திரி வீட்டில் இருக்க வேண்டும், திங்களன்று எனக்கு வேலை. பட்டியலில் கடைசியாக நின்றவை மூன்று: ஸ்பெயினில் சான் செபாஸ்டியன், பிரான்சில் லியோன், இத்தாலியில் பொலோன்யா. மூன்றுக்கும் நான் வெவ்வேறு வயதில், வெவ்வேறு ஆட்களோடு ஒரு தடவை போயிருக்கிறேன் என்பதால் கொஞ்சம் தைரியமாகவே எழுதுகிறேன்.

முதலில் சாப்பிடப் போகிறவர்களைச் சொல்லிவிடுகிறேன், அது தெரியாமல் இந்த ஒப்பீடு விளங்காது. அம்மா மாடும் பன்றியும் தொடமாட்டார். ஆடு, கோழி, மீன், முயல் எல்லாம் சரி. ஆனால் சனிக்கிழமை சுத்த சைவம், முட்டைகூடக் கிடையாது. மாவில் கலந்து உருத்தெரியாமல் போன முட்டை மட்டும் கணக்கில் வராதாம், கேக் எங்கள் வீட்டுக்குள் நுழைந்ததே அந்தச் சட்டத்தின் கீழ்தான். கணவர் எதையும் சாப்பிடுவார், குறிப்பாக மற்றவர்கள் முகம் சுளிப்பதை. மகளுக்குப் பதினொரு வயது, எல்லாவற்றையும் ஒரு வாய் வைத்துப் பார்த்துவிட்டு மதிப்பெண் போடுவாள். மகனுக்கு ஆறு வயது. வெண்ணெய் போட்ட பாஸ்தா, வெள்ளைச் சோறு, ஐஸ்கிரீம், இவ்வளவுதான் அவன் உலகம். அதோடு ராத்திரி ஏழரைக்குள் சாப்பாடு வயிற்றுக்குள் போகாவிட்டால் எட்டரைக்கு ஒரு கச்சேரி நடக்கும், அதைப் பக்கத்து மேசைக்காரர்களும் ரசிக்க வேண்டியிருக்கும்.

எந்த ஊரில் சாப்பாடு அதிகம் நல்லது என்று ஆரம்பத்தில் நானும் தேடிக்கொண்டிருந்தேன். அது வெட்டி வேலை. மூன்றும் சாப்பாட்டுக்கென்றே பேர்போன ஊர்கள், மூன்றிலும் நல்ல சாப்பாடு கிடைக்கும். குடும்பத்தோடு போகிறவர் கேட்க வேண்டியது வேறு: அங்கே எத்தனை மணிக்கு அடுப்பு எரியும், உட்கார நாற்காலி உண்டா, ஞாயிற்றுக்கிழமை என்ன ஆகும், வீட்டிலேயே அதிகம் அடம்பிடிக்கிற வாய்க்கு அங்கே என்ன இருக்கிறது.

இந்தக் கேள்விகளில் முதல் அடியிலேயே விழுந்தது சான் செபாஸ்டியன். எழுதும்போதே வருத்தமாக இருக்கிறது, ஏனென்றால் மூன்றில் என் மனதுக்குப் பிடித்தது அதுதான். கல்யாணமான புதிதில் நாங்கள் இருவரும் போனோம். பாஸ்க் மக்கள் டோனோஸ்தியா என்று சொல்லும் அந்த ஊரில் இரண்டு லட்சம் பேர்கூட இல்லை, ஆனால் ஊருக்குள்ளும் பக்கத்திலுமாக மிஷெலின் உணவகக் கையேட்டின் உச்ச மதிப்பான மூன்று நட்சத்திரம் பெற்ற உணவகங்கள் மட்டுமே மூன்று: அர்சாக், அகெலார்ரே, பக்கத்து லசார்த்தேயில் மார்ட்டின் பெராசாதெகி. அதற்கெல்லாம் நாங்கள் போகவில்லை. பழைய ஊர்ச் சந்துகளில் கடை கடையாக ஏறி இறங்கி பின்ச்சோ சாப்பிட்டோம். பின்ச்சோ என்றால் இரண்டு கடிக்கு வருகிற சின்னத் தீனி. கல்லாமேடை முழுக்கத் தட்டுத் தட்டாக அடுக்கியிருப்பார்கள். விவரம் தெரிந்தவர்கள் அதைத் தொடாமல், சுவரில் எழுதிப்போட்டிருக்கும் சூடான அயிட்டங்களைத்தான் கேட்பார்கள். கில்டா என்று ஒன்று: ஒரு குச்சியில் ஆலிவ் காய், உப்பில் ஊறிய நெத்தலி மீன், வினிகரில் போட்ட பச்சை மிளகாய், அவ்வளவுதான் சமாச்சாரம். காரம் பேருக்குத்தான், ஆனால் அந்த உப்பும் புளிப்பும் நாக்கில் பட்டதும் ஊறுகாய் ஜாடியைத் திருட்டுத்தனமாகத் திறந்த வயது ஞாபகம் வரும். அப்புறம் கொகோட்சா, ஹேக் மீனின் தாடைக்கு அடியில் இருக்கிற கொழகொழப்பான சதை. ஆலிவ் எண்ணெயில் பூண்டோடு போட்டுச் சட்டியை ஆட்டிக்கொண்டே இருந்தால் மீனின் பசையே குழம்பாகக் கெட்டிப்படும். மீன் தலைக்குச் சண்டை நடக்கிற வீட்டில் வளர்ந்தவர்களுக்கு அதன் அருமையை விளக்கத் தேவையில்லை.

இப்போது உலகமெல்லாம் விற்கும் மேல்பக்கம் கருகிய சீஸ்கேக்கும் இங்கே லா வின்யா என்ற கடையிலிருந்து கிளம்பியதுதான். கடை இருக்கும் தெருவின் பெயர் ஆகஸ்ட் 31. 1813இல் அந்தத் தேதியில் ஆங்கில, போர்த்துகீசியப் படைகள் ஊரைப் பிடித்தபோது ஊரே எரிந்துபோய், மிஞ்சியது கிட்டத்தட்ட இந்த ஒரு தெரு. எரியாத தெருவில் கருகிய கேக் என்று கணவர் அன்றைக்குச் சொன்ன ஜோக்கை இன்றைக்கும் சொல்லிக்கொண்டிருக்கிறார்.

சரி, பிறகு ஏன் வேண்டாம்? அங்கே சாப்பிடுவது என்றால் நிற்பது. கூட்டத்துக்குள் தோளை நுழைத்து, கையை உயர்த்தி, கடைக்காரர் கண்ணில் பட்டு, தட்டை வாங்கிச் சுவரோரம் ஒதுங்கி, முடித்ததும் அடுத்த கடை. இருபத்தெட்டு வயதில் அது திருவிழா. முட்டி வலிக்கிற அம்மாவுக்கும், மற்றவர்களின் முழங்கை உயரத்தில் முகம் இருக்கிற ஆறு வயதுப் பையனுக்கும் அது தண்டனை. நேரமும் ஒத்துவராது. மதியச் சாப்பாடு முடிந்து நாலு மணி வாக்கில் சமையலறைகள் ஓய்ந்துவிட்டால் மறுபடி சூடு பிடிக்க ஏழு, ஏழரை ஆகும். உட்கார்ந்து சாப்பிடும் உணவகம் என்றால் ஒன்பது மணி. அந்த ஊர்ப் பிள்ளைகள் ராத்திரி பத்து மணிக்கும் கான்ஸ்டிடியூஷன் சதுக்கத்தில் பந்து விளையாடிக்கொண்டிருப்பார்கள், பெற்றோர் கையில் கோப்பையோடு பக்கத்தில் நிற்பார்கள், பார்க்கவே பொறாமையாக இருக்கும். ஆனால் என் மகன் பாஸ்க் பிள்ளை இல்லை. அம்மாவின் சனிக்கிழமைக்கு என்ன தேறும் என்று யோசித்தால் வறுத்த பச்சை மிளகாய், காளான், ரொட்டி. ஒரு பின்ச்சோ சுமாராக மூன்றிலிருந்து ஐந்து யூரோ. ஐந்து பேர், ஆளுக்கு ஐந்தாறு என்று போட்டுப் பாருங்கள், வயிறு நிறைவதற்குள் பர்ஸ் காலி. வழியும் தூரம்: பில்பாவோ வரை விமானம் இரண்டு மணி நேரம், அங்கிருந்து பஸ்ஸில் இன்னும் ஒன்றேகால் மணி. வெள்ளிக்கிழமை ராத்திரி அப்படியே கரைந்துவிடும். ஆனால் பிள்ளைகள் இல்லாமல் இருவர் மட்டும் போவதாக இருந்தால், அல்லது பிள்ளைகள் பதினைந்து வயதைத் தாண்டிவிட்டால், வேறு எந்த ஊரையும் பார்க்காமல் இங்கே போய்விடுங்கள்.

அடுத்து லியோன். இதுதான் கணவரின் கட்சி. இரண்டு வருஷத்துக்கு முன்னால் பிள்ளைகளோடு போயிருக்கிறோம். அவருடைய வாதம் எளிது: ஐரோப்பாவில் குடலையும் ஈரலையும் மரியாதையோடு சமைக்கிற ஊர் எது என்றால் லியோன், குடல் குழம்பு சாப்பிட்டு வளர்ந்த நமக்கு வேறென்ன வேண்டும். பூஷோன் என்று அங்கே சிறு உணவகங்கள், கட்டம் போட்ட மேசை விரிப்பும் நெருக்கியடித்த நாற்காலிகளுமாக இருக்கும். பட்டுத் தறிக்காரர்களும் கூலிக்காரர்களும் காலையிலேயே வயிறு நிறையச் சாப்பிட்ட மரபு அது. விலை உயர்ந்த கறி பணக்காரர் வீட்டுக்குப் போக, மிஞ்சியதை வைத்து இவர்கள் ஒரு சமையலையே உண்டாக்கிவிட்டார்கள். மாட்டின் இரைப்பையை வெள்ளை ஒயினில் ஊறவைத்து, ரொட்டித்தூளில் புரட்டிப் பொரித்தால் தப்லியே த சப்பெர். பன்றிக் குடலைக் குடலுக்குள்ளேயே திணித்தால் ஆந்துயெத், அதன் வாசனை மேசைக்கு வருமுன்பே வாசலுக்கு வந்துவிடும். அம்மா மஞ்சளும் கல்லுப்பும் போட்டு ஏழு தண்ணீர் கழுவிச் சமைத்த குடலில் இந்த வாசனை வந்ததே இல்லை என்று நான் சொன்னேன், அதுதான் ருசியே என்றார் அவர். ஆனால் பாருங்கள், குடல் சாப்பிடுகிற அம்மாவுக்கே இங்கே குடல் கிடையாது. ஒன்று மாடு, மற்றது பன்றி.

அம்மாவுக்கும் மகனுக்கும் அங்கே பொதுவாக இருப்பது கெனெல்: பைக் என்ற நன்னீர் மீனை அரைத்து, முட்டையும் வெண்ணெயும் சேர்த்து, நீள உருண்டையாகப் பிடித்து வேகவைத்து, நண்டின் சொந்தக்காரனான ஆற்று இறாலில் செய்த குழம்பை ஊற்றித் தருவார்கள். முள் கிடையாது, பஞ்சு மாதிரி இருக்கும், மகன் பாதி தின்றான் என்றால் அது சாதனை. ஆனால் அது வெள்ளிக்கும் ஞாயிற்றுக்கும்தான். சனிக்கிழமைக்குப் பாலில் வெந்த உருளைக்கிழங்கு கிராத்தான் உண்டு, செர்வெல் த கனூ உண்டு. பின்னது பெயருக்குத் தறிக்காரனின் மூளை என்று அர்த்தம், பயந்துவிட வேண்டாம், உள்ளே மூளை இல்லை. தயிர் மாதிரியான புதுப் பாலாடைக்கட்டியில் பூண்டு, சின்ன வெங்காயம், வெங்காயத்தாள் மாதிரி ஒரு தழை, வினிகர் எல்லாம் கலந்து அடித்தது. கெட்டித் தயிர்ப் பச்சடி என்று சொல்லிக் கொடுத்தால் அம்மா ஒரு கிண்ணத்தைக் காலி பண்ணிவிடுவார்.

லியோனிடம் எனக்குப் பிடித்த இன்னொரு விஷயம், அந்த ஊரின் பெயரைத் தூக்கி நிறுத்தியவர்கள் பெண்கள். பணக்கார வீடுகளில் சமையல்காரிகளாக இருந்துவிட்டு வெளியே வந்து சொந்தக் கடை போட்டவர்களை அம்மாக்கள் என்றே கூப்பிட்டார்கள். அவர்களில் யூஜெனி பிரேசியே 1933இல் தன் இரண்டு உணவகங்களுக்கும் தலா மூன்று மிஷெலின் நட்சத்திரம் வாங்கினார். பின்னால் உலகப் புகழ்பெற்ற போல் பொக்கூஸ் இளவயதில் அவரிடம் வேலை பார்த்தவர்தான். இன்றைக்கு ஊரின் மூடிய அங்காடிக்குப் பொக்கூஸ் பெயர், விமான நிலையத்தில் வந்து இறங்குகிறவர்களுக்கும் அவர் பெயர்தான் முதலில் தெரியும். இந்தக் கதை நமக்குப் புதிதா என்ன.

பிள்ளைகளுக்கு லியோன் நல்ல ஊர் என்பதையும் மறைக்கக் கூடாது. தேத் தோர் பூங்கா 117 ஹெக்டேர், உள்ளேயே மிருகக்காட்சிசாலை, ஒட்டகச்சிவிங்கியெல்லாம் இருக்கிறது, காசு கிடையாது. கீன்யோல் பொம்மலாட்டம் பிறந்த ஊரும் இதுதான். இளஞ்சிவப்புச் சர்க்கரைப் பாகில் உருட்டிய பாதாமில் செய்த தார்த் என்று ஒரு இனிப்பு, பார்த்தாலே பஞ்சுமிட்டாய் நிறம், மகள் அதற்குப் பத்துக்குப் பத்து போட்டாள். உணவகத்தில் குழாய்த் தண்ணீர் ஜாடியும் ரொட்டியும் இலவசமாக வரும், ஐந்து பேர் உட்கார்ந்தால் அது சின்ன விஷயம் இல்லை.

அப்புறம் எங்கே இடித்தது? ஞாயிற்றுக்கிழமையில். லியோனில் ஞாயிறு காலை அற்புதம்: சோன் ஆற்றங்கரையில் சேன்ட் அந்துவான் சந்தை, பொக்கூஸ் பெயர் கொண்ட மூடிய அங்காடி, இரண்டிலும் ஊரே திரண்டு நிற்கும். மதியத்தோடு எல்லாம் மூட்டை கட்டிவிடுவார்கள். நிறைய பூஷோன்கள் ஞாயிறும் திங்களும் விடுமுறை. இது தெரியாமல் அன்றைக்கு ஞாயிறு ராத்திரி தங்கும்படி அறை போட்டிருந்தேன், தப்பு என்னுடையதுதான். இரண்டு பிள்ளைகளையும் இழுத்துக்கொண்டு பூட்டிய கதவு, இறக்கிய ஷட்டர், மறுபடி பூட்டிய கதவு என்று முக்கால் மணி நேரம் நடந்து, கடைசியில் உலகச் சாப்பாட்டுத் தலைநகரம் என்று பெயரெடுத்த ஊரில் ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் கபாப் தின்றோம். கபாப் நன்றாகவே இருந்தது, அது வேறு விஷயம். சலுகை விலையில் மதியச் சாப்பாடு போடும் பழக்கமும் பெரும்பாலும் வாரநாட்களில்தான். செவ்வாய் முதல் சனி வரை எப்போது போக முடிந்தாலும் லியோன் தங்கம். வார இறுதிக்கு மட்டும் போகிறவர்களிடம் அது பாதிக் கதவைத்தான் திறக்கிறது.

நடுவில் அம்மாவே ஒரு யோசனை சொன்னார்: பாரிஸ் நாலு மணி நேர ரயில்தானே, வண்டி நிற்கிற இடத்திலிருந்து லா ஷாப்பேல் நடந்துபோகிற தூரம்தானே, அங்கே யாழ்ப்பாணத்துக்காரர் கடைகள் வரிசையாக இருக்கின்றனவே. இருக்கின்றன, நல்ல தோசையும் கொத்து ரொட்டியும் கிடைக்கும். ஆனால் சாப்பாட்டுக்கென்று போய் தோசை சாப்பிட்டுவிட்டு வந்தால் மகள் என்னை மன்னிக்கமாட்டாள். நேபிள்ஸ் பற்றியும் பேச்சு வந்தது, பீட்சா என்றதும் மகன் கை தூக்கினான். அந்த ஊர் வாகனச் சத்தத்துக்கு நடுவில் இவனைக் கையில் பிடித்துக்கொண்டு நடக்க எனக்குத் தெம்பில்லை.

ஆக, பொலோன்யா. வேடிக்கை என்னவென்றால் காகிதத்தில் பார்த்தால் அம்மாவுக்கு இதைவிட மோசமான ஊர் இல்லை. அந்த ஊரின் பேர்போன மூன்று சாப்பாட்டிலும் பன்றி இருக்கிறது. மோர்ட்டடெல்லா என்ற தடித்த சாசேஜ் முழுக்கப் பன்றி. தொர்த்தெல்லினி என்ற விரல்நுனி அளவு பாஸ்தாவுக்குள் பன்றிக்கறியும் மோர்ட்டடெல்லாவும் சீஸும் ஜாதிக்காயும். அது மிதக்கும் சாறும் கறிச்சாறு. மூன்றாவது ராகு. ராகு சாப்பிடப் போகிறோம் என்று கணவர் சொன்னதும் அம்மா நிமிர்ந்து பார்த்த பார்வையைப் படம் பிடித்திருக்க வேண்டும். இது கிரகம் இல்லை அம்மா, கொத்துக்கறிக் குழம்பு என்று விளக்கினால், என்ன கறி என்று அடுத்த கேள்வி. 1982இல் அந்த ஊர் வணிகக் கழகத்தில் முறைப்படி பதிவு செய்து வைத்த ராகுவில் மாட்டுக்கறியும் பான்செத்தா என்ற பன்றிக்கொழுப்புக் கறியும் இரண்டும் உண்டு. ஆக, ராகு காலம் பார்ப்பதோடு சரி, ராகு கிடையாது. (நாம் ஸ்பகெட்டி போலோன்யேஸ் என்று சாப்பிடுவதை அங்கே கேட்டுவிடாதீர்கள், ராகுவுக்குத் துணை தாலியத்தெல்லே என்ற பட்டை பாஸ்தா. வெந்த பின் அதன் அகலம் 8 மில்லிமீட்டர் என்று 1972இல் அதையும் பதிவு செய்து வைத்திருக்கிறார்கள். ஊரின் நடுவில் நிற்கும் அசினெல்லி கோபுரத்தின் உயரத்தில் 12,270இல் ஒரு பங்காம். கிறுக்கர்கள், எனக்குப் பிடித்த வகைக் கிறுக்கு.)

அப்படியிருந்தும் இந்த ஊரைத்தான் எடுத்தேன். காரணம், பொலோன்யாவின் உண்மையான கெட்டிக்காரத்தனம் கறியில் இல்லை, மாவில் இருக்கிறது. முட்டை போட்டுப் பிசைந்த மாவைச் ஸ்ஃபோல்யீனா என்று அழைக்கப்படும் பெண்கள் கையளவு அல்ல, கிட்டத்தட்ட ஒரு மீட்டர் நீளக் கட்டையால் பின்னால் சுவரில் மாட்டிய விளக்கு தெரிகிற அளவுக்கு மெல்லிசாகத் தேய்ப்பார்கள். அந்த மாவுக்குள் ரிக்கோத்தா பாலாடைக்கட்டி வைத்து மடித்தால் தொர்த்தெல்லோனி, வெண்ணெயில் சேஜ் இலை போட்டுப் புரட்டித் தருவார்கள். பெயர் வித்தியாசத்தைக் கவனியுங்கள்: லினி என்றால் கறி, லோனி என்றால் பெரும்பாலும் சைவம். அம்மாவின் சனிக்கிழமைச் சட்டப்படி மாவில் கலந்த முட்டைக்கு அனுமதி உண்டு. மகனுக்கு அதே தாலியத்தெல்லே, வெறும் வெண்ணெயில். இன் பியாங்கோ என்று கேட்டால் புருவத்தைக்கூட உயர்த்தாமல் கொண்டுவந்து வைக்கிறார்கள், ஏனென்றால் அங்கே எல்லா வீட்டிலும் அப்படி ஒரு பிள்ளை இருக்கிறது. இரண்டு அடம்பிடிக்கும் வாய்களுக்கும் ஊரின் சொந்தச் சாப்பாட்டிலிருந்தே தட்டு வருகிறது. மற்ற இரண்டு ஊரிலும் சனிக்கிழமை அம்மாவுக்குத் துணைப் பதார்த்தங்கள்தான் கிடைக்கும்.

இரண்டு இடத்தில் ஜாக்கிரதை வேண்டும். பொரித்த ரொட்டியான கிரெஷென்தீனே, வெங்காயமும் தக்காளியும் மணிக்கணக்கில் வதக்கிய ஃப்ரிஜ்ஜோனே, இரண்டும் பார்க்கச் சைவமாக இருக்கும், ஆனால் பன்றிக்கொழுப்பில் செய்வது பழைய வழக்கம். ஸ்த்ருத்தோ, அதாவது பன்றிக்கொழுப்பு, இருக்கிறதா என்ற ஒரு வார்த்தையைக் கற்றுக்கொண்டு போனால் போதும். இன்னொன்று பர்மிஜானோ சீஸ். கன்றுக்குட்டியின் வயிற்றிலிருந்து எடுக்கும் உறையால்தான் அதைத் திரிய வைக்கிறார்கள், அதற்கு விதிவிலக்கே கிடையாது. இதை அம்மாவிடம் சொல்லாமல் விட்டுவிடு என்றார் கணவர். எனக்கு மனம் வரவில்லை, சொல்லிவிட்டேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, சனிக்கிழமை மட்டும் மேலே தூவ வேண்டாம், ரிக்கோத்தாவுக்குள்ளேயும் கொஞ்சம் கலப்பார்களா கேள் என்றார். கலப்பார்கள். அதனால்தான் சனிக்கிழமை மதியச் சாப்பாட்டை நாங்களே செய்வது என்று முடிவெடுத்தேன்: காலை பத்து மணிக்குப் பாஸ்தா வகுப்பு, மாவு பிசைந்து, தேய்த்து, மடித்து, செய்ததையே சாப்பிட்டுவிட்டு வரலாம், உள்ளே என்ன வைப்பது என்பது நம் இஷ்டம். சோமாசி ஓரம் மடித்த கைக்கு இந்த மடிப்பெல்லாம் எம்மாத்திரம், அம்மா அங்கே வாத்தியாரையே திருத்தப் பார்ப்பார் என்பதுதான் என் பயம்.

உட்காரும் விஷயத்திலும் பொலோன்யா பெரிய மனசு. ஓஸ்தெரியா என்ற எளிய உணவகங்களில் நாற்காலி போட்டு, நிதானமாக, பன்னிரண்டரைக்கு மதியச் சாப்பாடு, ராத்திரி ஏழு அல்லது ஏழரைக்குத் திறந்துவிடுவார்கள். ஞாயிறு மதியம் அங்கே குடும்பச் சாப்பாட்டு நேரம், தாத்தா பாட்டியிலிருந்து கைக்குழந்தை வரை நீள மேசையில் இருப்பார்கள்; லியோன் கதவைச் சாத்துகிற நேரத்தில் இந்த ஊர் இலை போடுகிறது. முன்பதிவு கட்டாயம். பில்லில் கொபெர்த்தோ என்று தலைக்கு இரண்டு மூன்று யூரோ இருக்கும், உட்கார்ந்ததற்கான காசு, சண்டை போட வேண்டாம். தண்ணீருக்கும் காசுதான், இதில் லியோன் ஜெயித்துவிட்டது.

மழை பெய்தால் என்ன செய்வது என்ற கேள்வியே இந்த ஊரில் இல்லை. தெருவோரமெல்லாம் தூண் வைத்த தாழ்வாரம், மொத்தமாக 62 கிலோமீட்டர், 2021இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்த்தார்கள். மகள் மூன்று வயதாக இருந்தபோது தள்ளுவண்டியில் வைத்து இரண்டு நாள் அடைமழையில் சுற்றினோம், குடையை விரித்ததே நாலைந்து தடவைதான். நம் பழைய தெருக்களில் திண்ணை வரிசை இருக்குமே, அது இரண்டு ஆள் உயரத்துக்கு வளைவு வைத்து ஊர் முழுக்க ஓடினால் எப்படி இருக்கும், அப்படி. விமான நிலையத்திலிருந்து ஒற்றைத் தண்டவாள வண்டியில் ஏழெட்டு நிமிஷத்தில் ரயில் நிலையம் வந்துவிடலாம். வார இறுதியில் நடுவூர்ப் பெரிய தெருக்களில் வாகனம் விடுவதில்லை, மகன் கையை நான் விட்டுவிடலாம். கோபுரத்தில் ஏறலாம் என்று மட்டும் பிள்ளைகளுக்கு ஆசை காட்டிவிடாதீர்கள்: அசினெல்லிக்குப் பக்கத்தில் சாய்ந்து நிற்கும் கரிசெந்தா கோபுரம் ஆபத்தான நிலையில் இருப்பதால் 2023 அக்டோபரிலிருந்து இரண்டையும் மூடிவிட்டார்கள். இன்னொரு எச்சரிக்கை, அங்கே வணிகக் கண்காட்சிகள் அடிக்கடி நடக்கும், அந்த வாரங்களில் அறை வாடகை இரட்டிப்பாகும். விமான டிக்கெட்டைப் பார்க்குமுன் அறையைப் பாருங்கள்.

கணவருக்கு மோதெனா ஆசை. ரயிலில் அரை மணி நேரம், பன்னிரண்டு வருஷம் குறையாமல் மரப்பீப்பாயில் கிடந்த பால்சமிக் வினிகரைப் பார்த்து வரலாமாம். இந்தத் தடவை வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். இரண்டு நாளில் மூன்று ஊர் பார்ப்பது நம் ஆட்களுக்கு ஒரு வியாதி. சனிக்கிழமை வகுப்பு முடிந்து தூக்கம், சாயங்காலம் குவாத்ரிலாதெரோ என்ற பழைய சந்தைச் சந்துகளில் ஹாம் தொங்குவதையும் சீஸ் சக்கரங்களையும் வேடிக்கை பார்த்துவிட்டு ஜெலாத்தோ என்ற இத்தாலிய ஐஸ்கிரீம், ராத்திரி மெர்க்காத்தோ தி மெஸ்ஸோ என்ற மூடிய அங்காடியில் ஆளுக்கொரு கடையில் வாங்கி ஒரே மேசையில் உட்கார்ந்து சாப்பாடு, அம்மாவுக்கு அங்கே பீட்சா. ஞாயிறு காலை சுற்றுலா வண்டியில் ஏறி சான் லூக்கா குன்று. குன்றுக்குப் போகும் தாழ்வாரத்தின் 666 வளைவுகள் தாண்டி நடந்துதான் வருவேன் என்று கணவர் சொல்கிறார், வரட்டும், பசி எடுக்கும். மதியம் ஓஸ்தெரியாவில் அவருக்கும் மகளுக்கும் சாற்றில் மிதக்கும் தொர்த்தெல்லினி, அம்மாவுக்கு முயல் கறி இருக்கிறதா என்று போனில் கேட்டு வைத்திருக்கிறேன், இருக்கிறதாம். சாயங்காலம் விமானம்.

ஹோட்டலா, சமையலறை வைத்த வீடா என்பதில் மட்டும் அம்மா தோற்கவில்லை. எதற்கும் இருக்கட்டும் என்று வீடுதான் எடுத்திருக்கிறோம். இப்போது பேச்சு, கைப்பையில் புளிக்காய்ச்சல் கொண்டுபோக விடுவார்களா என்பது. அது திரவமா, கெட்டியா என்று நேற்று ராத்திரி அரை மணி நேரம் விவாதம் நடந்தது. 100 மில்லி டப்பா ஒன்று வாங்கிக் கொடுத்துவிட்டேன், அரிசி அங்கேயே கிடைக்கும்.